குன்னூரில் ஒரு பபூன் நிகழ்ச்சி: கட்டாயம் பாருங்கள், ஸ்பீக்கர்தான் தொல்லை

குன்னூரில் நாங்கள் தங்கிய விடுதியின் புல்தரையில் சனிக்கிழமை சாயங்காலம் இரண்டு பேர் நடத்தும் பபூன் நிகழ்ச்சி இது. வசனமே கிடையாது. ஒரு ஏணி, ஒரு வாளி, தேயிலை பறிக்கிற கூடை ஒன்று, அவ்வளவுதான் சாமான். டிக்கெட் 150 ரூபாய், அங்கே தங்காதவர்களும் வரலாம்.

விழுவதற்கு யாராலும் முடியும், எழுவதில்தான் இவர்கள் கெட்டிக்காரர்கள். ஒல்லியானவர் தோளில் ஏணியோடு திரும்ப, பின்னால் வருகிற குண்டானவர் குனிந்து தப்பித்து, நிமிரும்போது மறுமுனை மண்டையில் பட்டுக் கூடைக்குள் பொத்தென்று உட்கார்ந்துவிடுகிறார். யாரும் சிரிக்கவில்லை, என் பக்கத்திலிருந்த பாட்டி "ஐயையோ" என்றே சொல்லிவிட்டார். அப்புறம் கூடைக்குள்ளிருந்து ஒரு கை மட்டும் மெதுவாக மேலே வந்து தொப்பி இருக்கிறதா என்று தலையைத் தடவிப் பார்த்தது. சிரிப்பு வெடித்தது அங்கேதான். சென்னையில் மருத்துவம் படித்த நரம்பியல் அறிஞர் வி. எஸ். ராமச்சந்திரன் 1998இல் எழுதியது இதைத்தான்: ஆபத்தோ என்று பதறுகிறோம், ஒன்றுமில்லை என்று தெரிந்ததும் கூட இருப்பவர்களுக்கு "பயப்படாதீர்கள்" என்று சொல்கிற குரலாகத்தான் சிரிப்பு உருவாகியிருக்க வேண்டும் என்பது அவர் கருத்து. 2010இல் அமெரிக்க ஆய்வாளர்கள் பீட்டர் மெக்ராவும் கேலப் வாரனும் கிட்டத்தட்ட இதே இடத்துக்கு வந்தார்கள். ஏதோ தப்பாக நடக்க வேண்டும், அதனால் தீங்கில்லை என்பதும் அதே நேரத்தில் தெரிய வேண்டும். நாகேஷ் விழுந்து புரளும்போதெல்லாம் அவர் முகம் நமக்கு அந்தத் தைரியத்தைக் கொடுத்துக்கொண்டே இருக்கும், பார்த்திருப்பீர்கள்.

குறை ஸ்பீக்கர்தான். யார் விழுந்தாலும் ஒரு டமால், நடுநடுவே காதைப் பிளக்கும் சினிமாப் பாட்டு, போதாததற்கு நாற்காலிகளையும் மூலைக்கு ஒன்றாகப் போட்டிருக்கிறார்கள். தனியாக இருப்பதைவிடக் கூட ஆள் இருக்கும்போது நாம் 30 மடங்கு அதிகமாகச் சிரிக்கிறோம் என்று சிரிப்பை ஆராய்ந்த அமெரிக்க உளவியலாளர் ராபர்ட் புரோவைன் கண்டறிந்தார், அடுத்தவர் சிரிப்பே காதில் விழாவிட்டால் கூட்டம் எதற்கு? பாதியில் கரண்ட் போய் ஸ்பீக்கர் ஓய்ந்தது. பின்னால் ஒரு குழந்தை கெக்கெக்கே என்று சிரிக்க, அதைக் கேட்டே மொத்தக் கூட்டமும் சிரித்தது, அன்றைக்கு இருந்ததிலேயே பெரிய சிரிப்பு அதுதான். கரண்ட் வந்ததும் பாட்டையும் திரும்பப் போட்டுவிட்டார்கள், எனக்குக் கோபமே வந்தது.

அந்த இரண்டு கலைஞர்களுக்காகவே ஐந்துக்கு நாலு கொடுக்கிறேன். போனால் நாற்காலியை இழுத்துப் போட்டு மற்றவர்களோடு நெருக்கமாக உட்காருங்கள். முடிவதற்குள் பனி இறங்கிவிடும், பிள்ளைகளுக்கு ஸ்வெட்டரும் குல்லாவும் எடுத்துக்கொண்டு போங்கள்.