டவர் கிரேனை இறக்க எந்த வழி நல்லது?

டவர் கிரேனை நிறுத்தும் நாளில் சுற்றிலும் வெறும் மண்தான். கழற்றும் நாளில் பக்கத்திலேயே கட்டிடம் எழும்பி நிற்கும், கீழே தெருவில் சனம் போய்வந்துகொண்டிருக்கும். ஏற்றுவதைவிட இறக்குவதற்குத்தான் நான் அதிகம் பயப்படுகிறேன்.

முதல் வழி, பெரிய மொபைல் கிரேனை அருகில் நிறுத்தித் துண்டு துண்டாக எடுப்பது. வேலை சீக்கிரம் முடியும். ஆனால் வரிசை தப்பக் கூடாது. பின்பக்க எடைகளில் மேனுவல் சொல்லும் அளவை விட்டுவைத்து மற்றதை இறக்க வேண்டும். முன்பக்கம் நீளும் கையான ஜிப் கழன்ற பிறகே மிச்ச எடையைத் தொடலாம். இல்லையென்றால் கிரேனின் தலைப்பகுதி ஒரு பக்கமாக இழுக்கும். மொபைல் கிரேன் கால் ஊன்றும் இடத்துக்கு அடியில் சாக்கடையோ பழைய கிணறோ இருக்கிறதா என்றும் பார்த்தாக வேண்டும்.

அமெரிக்காவின் சியாட்டில் நகரில் 2019 ஏப்ரல் 27 அன்று விழுந்த கிரேன் இப்படிக் கழற்றப்பட்டதுதான். கிரேனின் செங்குத்துத் தண்டான மாஸ்டின் துண்டுகளைக் கோக்கும் பின்களை முன்கூட்டியே உருவிவிட்டிருந்தார்கள் என்று மாநிலத் தொழிலாளர் துறையின் விசாரணை கண்டது. காற்று வலுத்து அடித்தபோது மாஸ்ட் நிற்கவில்லை. கிரேனில் இருந்த தொழிலாளர்கள் 2 பேரும், கீழே சாலையில் காரில் இருந்த 2 பேரும் இறந்தார்கள். மொபைல் கிரேனின் கொக்கி எந்தத் துண்டைத் தாங்கிப் பிடித்திருக்கிறதோ, அதன் பின்னை மட்டுமே உருவ வேண்டும். இதில் சலுகையே கிடையாது.

இரண்டாவது, ஏறிய வழியிலேயே இறங்குவது. மாஸ்டைச் சுற்றி நிற்கும் கிளைம்பிங் ஃபிரேமும் ஹைட்ராலிக் ஜாக்கும் மேற்பகுதியைத் தாங்க, நடுவிலிருந்து ஒவ்வொரு மாஸ்ட் துண்டாக வெளியே எடுப்பார்கள். அந்த நேரம் மொத்தத் தலைப்பகுதியும் ஜாக்கின் மேல்தான். அதனால் குறித்த தூரத்தில் ஒரு எடையைத் தொங்கவிட்டுச் சமன் செய்வார்கள். ஜிப்பைத் திருப்பவே கூடாது. கட்டிடத்தோடு கட்டிய பிடிகளை, இறங்க இறங்க ஒவ்வொன்றாகத்தான் அவிழ்க்க வேண்டும். நாள் பிடிக்கும், ஆனால் தெருவில் ராட்சத மொபைல் கிரேன் தேவையில்லை. ஓரளவு இறங்கியதும் சிறிய மொபைல் கிரேனே எட்டிவிடும். இடம் இருந்தால் நான் கேட்பது இந்தக் கூட்டு முறையைத்தான்.

ஆனால் ஜிப் சுவருக்கு இணையாக, எதிலும் இடிக்காமல் இறங்க வழி வேண்டும். பிறகு கட்டிய போடியம் (கட்டிடத்தின் அகலமான கீழ்மாடிகள்) அந்த வழியை அடைத்துவிட்டால் முறையே கைவிட்டுப் போகும். கிரேன் அஸ்திவாரத்துக்குக் கான்கிரீட் ஊற்றும் முன்பே வரைபடத்தில் இதைக் குறித்திருக்க வேண்டும்.

மூன்றாவது, கட்டிடத்துக்குள்ளேயே ஏறிய கிரேனுக்கு. மொட்டைமாடியில் டெரிக் என்ற சிறிய தூக்கும் கருவியை நிறுத்தி அதால் கிரேனை இறக்குவார்கள், அதைவிடச் சின்ன டெரிக்கால் அந்த டெரிக்கை இறக்குவார்கள். கடைசி டெரிக்கைக் கையாலேயே பிரித்து லிஃப்டில் கொண்டுவருவார்கள். வானளாவிய கட்டிடங்களில் பெரும்பாலும் வேறு வழி இருக்காது. தளம் அந்தப் பாரத்தைத் தாங்குமா என்று கட்டமைப்புப் பொறியாளர் கையெழுத்திடாமல் டெரிக்கை மேலே ஏற்றக் கூடாது.