பாண்டி சினிமா ரசனை வகுப்பு: 400 ரூபாய்க்கு வொர்த்தா?

போன ஞாயித்துக்கிழமை பாண்டியில ஒருநாள் சினிமா ரசனை வகுப்புக்குப் போயிட்டு வந்தேன், 400 ரூபா, மதியச் சாப்பாடு நம்ம செலவு. நடத்துறவங்க பேர் போடல, ஏன்னா குறையும் சொல்லப்போறேன். கடலூர்லேர்ந்து அடிச்சுப் புடிச்சு பஸ் ஏறிப் போனா பத்து மணி வகுப்ப பத்தே முக்காலுக்குதான் ஆரம்பிச்சாங்க, வெளிச்சம் வருதுன்னு ஜன்னலையும் மூடிட்டாங்க, வெந்துட்டோம்.

ஆனா காலைல எடுத்த சார் செம. குலெஷோவ்னு ஒரு ரஷ்ய டைரக்டர், நூறு வருஷம் முன்னாடி ஒரு நடிகரோட ஒரே முகத்த சூப்பு, சவப்பெட்டி, ஒரு பொண்ணுன்னு மாத்தி மாத்தி ஒட்டிக் காட்டினாராம். இத வாயால சொல்லிட்டு விடாம என்னயே நிக்க வச்சு போன்ல மூஞ்சிய எடுத்து, ஒரு தடவ பரோட்டா தட்டு, ஒரு தடவ மாலை போட்ட போட்டோன்னு பக்கத்துல ஒட்டிப் போட்டார். மொதல்ல "அண்ணனுக்குப் பசி"ன்னு சிரிச்சாங்க, ரெண்டாவதுக்கு பின்னாடி ஒரு அக்கா "ஐயோ பாவம்"னாங்க. நான் நெனச்சிட்டு இருந்தது பஸ் ஸ்டாண்டுல விட்ட வண்டியிலேர்ந்து சாவிய எடுத்தேனா இல்லையான்னு.

அப்புறம் உதிரிப்பூக்கள் (1979) படத்தோட கடைசி ஆத்தங்கரை சீன், ஊரே சேந்து வில்லன ஆத்துல எறங்கிச் சாக வைக்குமே, அது. அத எடுத்த டைரக்டர் மகேந்திரனே பத்திரிகைல விமர்சனம் எழுதிட்டு வந்தவர்தானே. கெட்டவனுக்குத் தண்டனைன்னு ஒருத்தர், இல்ல ஊரே அவன மாதிரி ஆயிடுச்சுன்னு இன்னொருத்தர், சார் ரெண்டு பேர்கிட்டயும் கேட்டது ஒண்ணே ஒண்ணு, "எந்த ஷாட்ட வச்சு சொல்றீங்க?" திரும்பப் போட்டுப் பாத்தா, நான் சத்தியம் பண்ணாத குறையா சொன்ன ஒரு ஷாட்டு படத்துலயே இல்ல!

மதியம் வேற ஆளு, அங்கதான் காசு வேஸ்ட். சிவப்புச் சேலைன்னா புரட்சி, கண்ணாடி வந்தா இரட்டை வாழ்க்கை, குறுக்க ஒரு காக்கா பறந்தா அதுக்கும் ஒரு தத்துவம். "சார், காக்கா தானா வந்திருக்கலாமே"ன்னு ஒரு காலேஜ் தம்பி கேட்டதுக்கு "சினிமால எதுவும் தானா வராது"ன்னு ஒரு முறைப்பு, அதுக்கப்புறம் ஒருத்தரும் வாயத் தொறக்கல. யூடியூப்ல கிளைமாக்ஸ் விளக்க வீடியோ ஓசியிலயே கெடைக்குதே, இதுக்கு எதுக்கு பஸ் ஏறணும்.

காலைக்கு அஞ்சுக்கு நாலரை, மதியத்துக்கு ஒண்ணு, அதுவும் நடுவுல குடுத்த டீக்கு. அடுத்த வகுப்புக்கு காலைல மட்டும் வரலாமா, பாதி காசு தரேன்னு கேட்டிருக்கேன், இன்னும் பதில் வரல.

சாவி வண்டியிலயேதான் தொங்கிட்டு இருந்துருக்கு, ஸ்டாண்டுக்காரர் எடுத்து வச்சிருந்தார்.