ஒரே கதை, இரண்டு வண்ணங்கள்: ‘தி கில்லிங் ஜோக்’

‘பேட்மேன்: தி கில்லிங் ஜோக்’ என்னும் சித்திரக்கதை நூலை வாங்க நினைப்பவர் முதலில் முடிவு செய்ய வேண்டியது, எந்த வண்ணத்தில் அதைப் படிப்பது என்பதைத்தான். ஆலன் மூர் எழுதி, பிரையன் போலண்ட் வரைந்து, 1988இல் டிசி காமிக்ஸ் நிறுவனம் வெளியிட்ட, ஐம்பது பக்கங்கள்கூட நிறையாத இக்கதைக்கு அப்போது வண்ணம் தீட்டியவர் ஜான் ஹிக்கின்ஸ். அதில் மனம் நிறைவடையாத போலண்ட், இருபது ஆண்டுகள் கழித்து, 2008 பதிப்புக்குத் தாமே புதிதாக வண்ணமிட்டார்.

ஹிக்கின்ஸின் ஊதாவும் ஆரஞ்சும் மஞ்சளும் கண்ணைக் கூச வைப்பவை. சில பக்கங்களில் அது வெறும் இரைச்சல்தான். ஆனால், போலீஸ் கமிஷனர் கார்டனைக் கடத்திவந்து, சுடப்பட்டுக் கிடக்கும் அவருடைய மகள் பார்பராவின் படங்களைக் காட்டி, அவரைப் பித்தராக்கப் பேட்மேனின் பரம எதிரியான ஜோக்கர் முயலும் பாழடைந்த கேளிக்கைப் பூங்காவுக்கு அந்த இரைச்சலே பொருந்துகிறது. போலண்டின் அடங்கிய நிறங்களில் அதே பூங்கா நேர்த்தியாகத் தெரிகிறதே தவிர, தலை சுற்ற வைப்பதில்லை.

ஜோக்கரின் கடந்தகாலத்தில் நிலைமை தலைகீழ். பிழைக்க வழியற்ற நகைச்சுவைக் கலைஞன் ஒருவன், கர்ப்பிணி மனைவியை இழந்த அன்றே திருட்டுக்குத் துணைபோகும் அப்பகுதிகளைப் போலண்ட் ஏறத்தாழ கறுப்பு வெள்ளையாக்கி, சிவப்பை மட்டும் ஆங்காங்கே விட்டுவைத்திருக்கிறார். சிறு பொருள்களில் தலைகாட்டும் அச்சிவப்பு அவன் அணியும் முகமூடியில் போய்ச் சேரும்போது, வசனம் எதுவும் சொல்லாத ஒன்றை நிறம் சொல்லிவிடுகிறது. இதில் எனக்கு ஒரு நெருடலும் உண்டு: தன் கடந்தகாலம் ஒவ்வொரு முறையும் ஒவ்வொரு விதமாக நினைவுக்கு வருவதாக ஜோக்கரே சொல்லும்போது, பழைய புகைப்படத்தின் சாயல் அந்தக் கதைக்குச் சாட்சியத்தின் நம்பகத்தைத் தந்துவிடுகிறது.

பேட்மேனின் மார்பில் 1964 முதல் இருந்துவந்த மஞ்சள் நீள்வட்டத்தையும் போலண்ட் நீக்கிவிட்டார். எனக்கு அது இழப்பாகப்படவில்லை.

ஒன்றை மட்டும் வாங்குவதென்றால் 2008 பதிப்பையே வாங்குவேன். காரணம், இறுதிப் பக்கங்கள். கொட்டும் மழையில், ஜோக்கர் சொன்ன பைத்தியக்கார விடுதிக் கதைக்கு எதிரிகள் இருவரும் சேர்ந்து சிரிக்க, சிரிப்பு ஓய்ந்து, தேங்கிய நீரில் விழும் துளிகள் மட்டும் மிஞ்சும் அந்த இடத்துக்கு, கண்ணைப் பறிக்கும் எந்த நிறமும் வேண்டியதில்லை.