நாலு கொட்டாங்குச்சியும் ஒரு புது மதமும்

பட்டிப்பொங்கலுக்கு வந்த கொழுந்தனார் பையன் கோயமுத்தூரிலிருந்து ஒரு விளையாட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தான். விலை 1,450 ரூபாய். "சீட்டுக்கட்டுக்கா இத்தனை காசு?" என்று எங்க ஊட்டுக்காரர் கேட்டதற்கு, "பெரியப்பா, இது சீட்டுக்கட்டு இல்லீங்க, ஒரு மதம்" என்றான்.

விளையாட்டு நடப்பது இன்னும் ஆயிரம் வருசம் கழித்து. அந்தக் காலத்து மனுசருக்குச் சாமி இல்லை, கோயில் இல்லை. தன் மனசைத் தானே செதுக்கிக்கொள்வதுதான் வழிபாடு. ஆளுக்குப் பன்னிரண்டு குணச் சீட்டு. பயம், பொறாமை, சிரிப்பு, ஏக்கம், சந்தேகம் என்று ஒவ்வொன்றிலும் ஒரு குணம். சுற்றுக்கு ஒரு குணத்தை எடுத்துச் சபை நடுவில் வைக்க வேண்டும். மற்றவர்கள் மூன்று கேள்வி கேட்பார்கள். பதில் சொன்னபிறகு அந்தக் குணம் போனது போனதுதான். கழித்த குணத்தை ஆட்டத்தில் மறந்தும் காட்டிவிட்டால் ஒரு பாசிமணி அபராதம். ஏழு சுற்று முடிந்து கையில் நிற்கிற ஐந்துதான் நீங்கள்.

விதிப் புத்தகத்தைத் தமிழில் போட்டிருக்கிறார்கள், சந்தோசம். ஆனால் "சீடர் தமது உணர்வுநிலையை மறுகட்டமைப்புக்கு உட்படுத்துவார்" என்று எழுதினால் எங்க ஆனைமலைப் பக்கம் யாருக்குப் புரியும்? பையன்தான் ஒவ்வொரு பக்கமாகப் படித்துச் சொன்னான். சீட்டுகள் மட்டும் நல்ல கனம், படமெல்லாம் அழகு.

ஆட்டம் பிடிபட்டதும் சிரிப்புக்குக் குறைவில்லை. எங்க ஊட்டுக்காரர் முதல் சுற்றிலேயே சந்தேகத்தைக் கழித்துவிட்டார். அப்புறம் யார் என்ன சொன்னாலும் நம்பியே ஆக வேண்டும். "பெரியப்பா, உங்க மணி நாலு குடுங்க, அடுத்த சுத்துல எட்டாத் தாரேன்" என்று பையன் வாங்கியதுதான், திரும்பி வரவேயில்லை. போன வருசம் கொப்பரை வியாபாரிக்கும் இதே மனசோடுதான் மனுசன் சரக்கு ஏற்றிவிட்டார் என்பது எனக்கு மட்டும் தெரியும்.

சிக்கல் எங்க அத்தையிடம் வந்தது. மூன்றாவது சுற்றில் பயத்தைக் கழிக்கச் சொன்னால் கையை மடக்கிக்கொண்டார்.

"பயத்தைத் தூக்கிப் போட்டுட்டா கெணத்துமேட்டுல எவன் பாத்து நடப்பான்? இது இருக்கட்டும் சாமி."

"அப்பத்தா, ஏழு குணத்தைக் கழிச்சே ஆகோணுங்க."

"ஆரு சொன்னது?"

அத்தை சும்மா சொல்கிற ஆள் இல்லை. 1984இல் வேதாத்திரி மகரிஷி ஆழியாறில் அறிவுத் திருக்கோயில் தொடங்கினாரே, அங்கே போய் அவருடைய தியானப் பயிற்சியான மனவளக்கலை கற்றவர். இன்றைக்கும் விடிகாலையில் கண்ணை மூடித் தவத்தில் உட்காருவார். மகரிஷியும் மனசை நாமே திருத்திக்கொள்ளலாம் என்றுதான் சொன்னார். ஆனால் அத்தை சொல்கிறபடி, அவர் ஆசையை வெட்டியெறியச் சொல்லவில்லை. தன்னைத் தானே ஆராய்கிற அகத்தாய்வுப் பயிற்சியில் அதற்கு "ஆசை சீரமைத்தல்" என்றுதான் பேர். கோபத்துக்குத் தவிர்த்தல், கவலைக்குத்தான் ஒழித்தல். அந்தக் கவலையையும் முதலில் நாலாகப் பிரிக்கச் சொல்லியிருக்கிறார். நெசவுக் குடும்பத்தில் பிறந்தவர் இல்லையா, சிக்கு விழுந்தால் நூலை அறுத்து எறிய மனசு வராது என்பது என் நினைப்பு. இந்த விளையாட்டைச் செய்தவர்களுக்கு மனசு என்றால் கல். உளியை வைத்துத் தட்டத்தான் தெரிகிறது, தட்டாமல் சரிசெய்ய ஒரு சீட்டுகூட வைக்கவில்லை. பெட்டியின் பெரிய குறை இதுதான்.

அத்தை உள்ளே போய் நாலு கொட்டாங்குச்சி எடுத்து வந்து வரிசையாக வைத்தார். அனுபவிச்சே தீரவேண்டியது, அலட்சியம் பண்ணவேண்டியது, தள்ளிப்போட வேண்டியது, உடனே செஞ்சு முடிக்கவேண்டியது. கவலைச் சீட்டு வந்தால் பின்பக்கம் பென்சிலில் என்ன கவலை என்று எழுதி, ஏதாவது ஒன்றில் போட வேண்டும். கழிக்க வேண்டியதில்லை. பையனுக்குச் சீட்டில் எழுதுவது வயிற்றெரிச்சல். ஆனாலும் ஒத்துக்கொண்டான்.

எங்க ஊட்டுக்காரர் "மேக்கால தோப்பு" என்று எழுதினார். தென்னைக்கு வருகிற வாடல் நோய். ஓலையெல்லாம் விலா எலும்பு மாதிரி உள்ளே வளைந்து நிற்கிறது. இதற்கு மருந்து கிடையாது. வருசத்துக்கு 10 காய்க்குக் கீழே போன மரத்தை வெட்டிவிடச் சொல்கிறார்கள். அவர் அப்பா வைத்த மரங்கள். சீட்டை மூன்றாவது கொட்டாங்குச்சியில் போட்டார்.

விதிப்படி மூன்று கேள்வி உண்டே. மூன்றையும் அத்தையே கேட்டார்.

"கடைசியா எப்பக் காய் போட்டே?"

"போன ஆடிக்கு."

"எத்தனை?"

"மரத்துக்கு மூணு, நாலு."

"பக்கத்து வரிசைக்கு வந்துருச்சா?"

அவர் பதில் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் பாசிமணியை உருட்டிக்கொண்டிருந்துவிட்டு, சீட்டை எடுத்து நாலாவதில் போட்டார். அன்றைக்கு ஆட்டம் அதோடு நின்றது. யார் ஜெயித்தது என்று பையன்கூடக் கேட்கவில்லை. தை கடைசியில் மரம் வெட்ட ஆள் வரச் சொல்லியிருக்கிறது.

அஞ்சுக்கு மூணரை கொடுப்பேன். நாலு பேருக்குக் குறைந்தால் சபையே கூடாது, ரெண்டு பேர் ஆடினால் சவசவ என்றிருக்கிறது. சின்னப் பிள்ளைகளுக்கு வேண்டாம், பொறாமையையும் ஏக்கத்தையும் பத்து வயசுப் பிள்ளைக்கு விளக்கிச் சொல்லி மாளாது. வாங்குகிறவர்கள் கடையிலேயே பெட்டியைப் பிரித்து மணியை எண்ணிக்கொள்ளுங்கள். 36 என்று போட்டிருக்கிறது, எங்களுக்கு வந்தது 33. கேட்டு எழுதியதற்கு இன்னும் பதிலில்லை. மூன்று புளியங்கொட்டை போட்டு ஆடிக்கொண்டிருக்கிறோம்.