ஐந்து பேர், 250 டர்ன்: நீண்ட வியூக ஆட்டத்தை முடிக்க எந்த வழி?

டர்ன் (ஆடும் முறை) கணக்கில் நகரும் வியூக விளையாட்டுகளில் பலர் சேர்ந்து ஆடும் நீண்ட ஆட்டத்தைத் தொடங்குவது எளிது; முடிப்பதுதான் அரிது. சிவிலைசேஷன் 6 போன்ற ஒன்றை ஐந்து நண்பர்கள் உற்சாகமாகத் தொடங்கி, வில்லாளர்கள் போய்த் துப்பாக்கி வீரர்கள் வரும் காலத்திற்குள் இருவர் கழன்றுகொள்ள, மற்ற மூவரும் ‘அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்’ என்று கைவிடுவது ஏறக்குறைய எல்லாக் குழுக்களிலும் நடப்பதுதான். இதற்கு விளையாட்டைக் குறை சொல்லிப் பயனில்லை. ஒருவர் வர இயலாத நாளில் ஆட்டம் என்ன ஆகிறது என்பதுதான் அதன் ஆயுளைத் தீர்மானிக்கிறது. காவிரிப் படுகையிலிருந்து ஆடுபவர்களுக்கு இது இன்னும் பொருந்தும். கும்பகோணம், மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி என்று மூவர் ஊரில் இருந்தால், நான்காமவர் சிங்கப்பூரிலும் ஐந்தாமவர் ஷார்ஜாவிலும் இருப்பார். ஊரில் இருப்பவர்களுக்கு நடவும் அறுவடையும் மின்தடையும் உண்டு, வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு ஷிஃப்ட் உண்டு.

இத்தகைய குழுவின் முன் உள்ள வழிகளில் பலரும் முதலில் நினைப்பது, எல்லோரும் ஒரே நேரத்தில் இணையத்தில் கூடி ஆடுவது. சிவிலைசேஷன் 6-இல் ‘ஸ்டாண்டர்ட்’ வேகத்தில் முழு ஆட்டம் 500 டர்ன், ‘மாரத்தான்’ வேகத்தில் 1500 டர்ன் என்பதால், பலர் ஆடுவதற்கென்றே அமைந்த, 250 டர்னில் முடியும் ‘ஆன்லைன்’ வேகத்தை விட்டு வேறெதையும் தொடாமலிருப்பது நல்லது. தொடக்கத்தில் ஒரு டர்ன் ஒரு நிமிடத்தில் கடந்துவிடும். நகரங்களும் படைகளும் பெருகிய பின் ஐந்து நிமிடம்கூடப் போதாது. சராசரியாக நான்கு நிமிடம் என்று வைத்துக்கொண்டால், மூன்று மணி நேரம் ஆடும் ஒரு மாலையில் 45 டர்ன் நகரும். வாரம் ஒரு மாலை என்றால் ஆறு வாரத்தில் 250 டர்னும் முடிந்துவிடும். நேரமும் ஒத்துவரக்கூடியதே. சனிக்கிழமை நமக்கு இரவு ஏழு மணி என்பது சிங்கப்பூரில் ஒன்பதரை, ஷார்ஜாவில் மாலை ஐந்தரை. பத்து மணிக்கு நாம் ஆட்டத்தை நிறுத்தினால் சிங்கப்பூர்க்காரர் பன்னிரண்டரைக்குத் தூங்கப் போகலாம்.

இவ்வழியின் பலவீனங்கள் இரண்டு. எல்லோரும் ஒரே சமயத்தில் நகர்த்தும் ஏற்பாட்டில், போர் என்று வந்துவிட்டால் வியூகத்தைவிட விரல் வேகமே வெல்கிறது என்பது ஒன்று. எல்லையில் இரு படைகள் எதிரெதிரே நிற்க, புதிய டர்ன் பிறந்த நொடியில் யாருடைய சொடுக்கு முதலில் போய்ச் சேர்கிறதோ அவருடைய வில்லாளர்களே முதலில் எய்கிறார்கள். அடிவாங்கி வலுக்குறைந்த பிறகுதான் மற்றவரின் படை பதில் சொல்ல முடியும். சிங்கப்பூரின் ஃபைபர் இணைப்புக்கும் திருத்துறைப்பூண்டியில் மொபைல் ஹாட்ஸ்பாட்டை நம்பியிருக்கும் லேப்டாப்புக்கும் இடையிலான போரில் யார் பக்கம் சாயும் என்று சொல்லத் தேவையில்லை. அமைதிக் காலத்தில் சேர்ந்தும், போரில் இருப்பவர்கள் மட்டும் அடுத்தடுத்தும் ஆடும் ‘ஹைப்ரிட்’ ஏற்பாடு சிவிலைசேஷன் 5-இல் உண்டு. அது நியாயமானது, ஆனால் மெதுவானது.

மற்றொன்று மின்தடை. இங்கே மின்சாரம் போனால் லேப்டாப் பேட்டரியில் ஓடிக்கொண்டுதான் இருக்கும். உயிர் விடுவது ரௌட்டர். இணைப்பு அறுந்தவரின் நாட்டை ஏஐ எடுத்துக்கொண்டு ஆட, அவர் ஹாட்ஸ்பாட் போட்டுத் திரும்பி வருவதற்குள் அவருடைய நகரங்கள் அவர் நினைத்துப் பார்க்காத எதையோ கட்டத் தொடங்கியிருக்கும். ஃபேனுக்கும் விளக்குக்கும் இன்வெர்ட்டர் லைன் இழுத்திருப்பவர்கள் ரௌட்டருக்கும் ஒரு பாயின்ட் கொடுத்துவிடுவதும், ஹோஸ்ட் பொறுப்பை, அதாவது ஆட்டத்தைத் தம் கணினியில் நடத்தும் பொறுப்பை, வெளிநாட்டில் இருப்பவரிடம் ஒப்படைப்பதும், மாலை முடிந்ததும் சேமித்த கோப்பை இன்னொருவருக்கும் அனுப்பி வைப்பதும் இந்தத் தொல்லையைப் பெருமளவு குறைக்கும்.

ஒரே நேரத்தில் கூட முடியாதவர்கள் நாடுவது, சிவிலைசேஷன் 6-இல் ‘ப்ளே பை கிளவுட்’ என்ற பெயரில் இருக்கும் வழி. ஒருவர் தம் டர்னை முடித்ததும் ஆட்டம் சர்வரில் சேமிக்கப்பட்டு அடுத்தவருக்கு அறிவிப்பு போகிறது. அவர் தமக்குத் தோதான நேரத்தில் திறந்து ஆடலாம். கேட்பதற்கு நம் குழுவுக்கென்றே செய்தது போலிருக்கும். ஆனால் கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். வேலை, தூக்கம், பயணம் எல்லாம் சேர்த்து ஒவ்வொருவரும் சராசரியாக எட்டு மணி நேரத்தில் தம் டர்னை முடிக்கிறார்கள் என்று தாராளமாகவே வைத்துக்கொண்டாலும், ஐவருக்கும் சேர்த்து ஒரு டர்னுக்கு 40 மணி நேரம் ஆகிறது. 250 டர்னுக்கு 10,000 மணி நேரம், அதாவது 416 நாள். ஒரு சம்பா விதைத்து, அறுத்து, அடுத்த சம்பாவும் பயிராகி நிற்கும்போதும் ஆட்டம் முடிந்திருக்காது. முறைப்பாசனத்தில் மேலே ஒருவர் மடையை அடைக்கத் தாமதித்தால் கடைமடைக்காரர் வரப்பில் குந்தியிருக்க வேண்டியதுதான் என்பதைப் போல, இதில் ஒருவரின் தாமதம் மற்ற நால்வர் தலையிலும் விழுகிறது. கூடவே மறதியும் சேர்கிறது. இரண்டு நாள் கழித்துத் திரும்புபவருக்கு, அந்தக் குதிரைப்படையை ஏன் அந்த ஆற்றங்கரையில் நிறுத்தினோம் என்பதே நினைவில் இருக்காது. வரைபடத்தில் குறிப்பு ஊன்றி வைக்கும் வசதி சிவிலைசேஷன் 6-இல் இருக்கிறது என்பதால், இவ்வழியில் ஆடுபவர்கள் அதைச் சலிக்காமல் பயன்படுத்த வேண்டும்.

நீடாமங்கலத்தை அடுத்த பூவனூரில், சிவபெருமான் அரசகுமாரியோடு சதுரங்கம் ஆடி வென்று அவளை மணந்ததாகத் தலபுராணம் சொல்கிறது. சதுரங்க வல்லபநாதர் என்பதே அங்கே இறைவனின் பெயர். ஆட்டக்காரர்கள் இருவர் என்பதால் அங்கே காத்திருப்பு தாங்கியது. ஐவராக இருந்திருந்தால் திருமணம் தள்ளித்தான் போயிருக்கும்.

எனினும் இவ்வழிக்கு ஒரு பெருங்குணம் உண்டு: வராதவருக்கு எந்த இழப்பும் இல்லை. அவருடைய டர்ன் அவருக்காகக் காத்திருக்கும். 2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் வேதாரண்யம் அருகே கரையைக் கடந்த பிறகு, படுகையின் பல ஊர்களில் வாரக்கணக்கில் மின்சாரம் இல்லை. அப்படிப்பட்ட ஒரு மாதத்தை உயிரோடு கடக்கக்கூடியது, காலக்கெடு வைக்காத இந்த வகை ஆட்டம்தான். ஆகவே இதை ஒதுக்க வேண்டியதில்லை. சிறிய ஆட்டங்களுக்கு வைத்துக்கொள்ளலாம். தி பேட்டில் ஆஃப் பாலிடோபியா என்ற வியூக விளையாட்டை போனிலேயே ஆடலாம். சிறிய வரைபடத்தில் மூவர் ஆடினால் பெரும்பாலும் முப்பது டர்ன் அளவிலேயே வெற்றி தெரிந்துவிடும் என்பதால், அதே எட்டு மணி நேரக் கணக்கில் ஒரு மாதத்தில் முடியும். லேப்டாப் இல்லாதவர்களுக்கு அன்சிவ் இருக்கிறது. சிவிலைசேஷன் 5-ஐத் தழுவி எழுதப்பட்ட, காசில்லாத திறமூல விளையாட்டு அது. ஆண்ட்ராய்டு போனில் ஓடும், நண்பர்களின் பயனர் எண்ணை வாங்கிச் சேர்த்துக்கொண்டால் போதும். அதிலும் அடுத்தடுத்து ஆடும் முறைதான் என்பதால் மூவருக்கு மேல் சேர்க்காதிருப்பது நலம்.

நான் அதிகம் மதிப்பது இவ்விரண்டுக்கும் நடுவில் நிற்கும் வழியை. எல்லோரும் தத்தம் நேரத்தில் ஆடலாம், ஆனால் யாரும் யாருக்காகவும் வரிசையில் நிற்பதில்லை. நாளொன்றுக்கு ஒரு டர்ன், குறித்த மணிக்கு அது புரண்டு அடுத்த டர்ன் தொடங்கிவிடும். இதற்கு இரு வடிவங்கள் உள்ளன. ஒன்று, 1995-இல் டென்மார்க் மாணவர்கள் மூவர் தொடங்கிய ஃப்ரீசிவ். பழைய லேப்டாப்பிலும் ஓடும் இந்த இலவச விளையாட்டை ‘லாங்டர்ன்’ என்ற பெயரில் நாளொரு டர்னாக ஆடும் வழக்கம் இருக்கிறது. மற்றது, சுவீடனின் இல்வின்டர் நிறுவனம் உருவாக்கிய டொமினியன்ஸ் விளையாட்டு வரிசை; அதன் ஆறாம் பதிப்பு 2024-இல் வந்தது.

வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோல் தெரிந்தாலும் உள்ளே உள்ள வேறுபாடு பெரிது. ஃப்ரீசிவில் நகர்வுகள் உடனுக்குடன் நடந்துவிடுகின்றன. டர்ன் இரவு ஒன்பது மணிக்குப் புரள்கிறது என்றால், எட்டு ஐம்பத்தெட்டுக்கு ஒருமுறையும் ஒன்பது ஒன்றுக்கு மறுமுறையும் அதே படையை நகர்த்தி, எதிரி கண் திறப்பதற்குள் நகரத்தைப் பிடித்துவிடலாம். ஒரு படை நகர்ந்த பின் குறிப்பிட்ட நேரம் கழியாமல் மீண்டும் நகரக் கூடாது என்று சர்வரிலேயே விதிக்கும் ‘யூனிட்வெயிட்டைம்’ அமைப்பு இதற்காகவே இருக்கிறது. அதை வைக்காமல் ஆட்டம் தொடங்கினால் நட்பு கெடும். அப்போதும், புரளும் நேரத்தில் விழித்திருப்பவருக்கு ஓரளவு சாதகம் இருக்கவே செய்கிறது. டொமினியன்ஸில் இந்தச் சிக்கலே எழுவதில்லை. ஒவ்வொருவரும் கட்டளைகளை மட்டும் எழுதி அனுப்புகிறார்கள். கெடு வந்ததும் எல்லாக் கட்டளைகளும் ஒருசேர நிறைவேறுகின்றன. போரையும் முன்கூட்டி அமைத்த கட்டளைப்படியே படைகள் நடத்த, நாம் பிறகு பார்வையாளராக மட்டுமே காண முடியும். காலை ஆறு மணிக்கு அனுப்பியவருக்கும் கெடுவுக்கு ஐந்து நிமிடம் முன் அனுப்பியவருக்கும் இதில் வேறுபாடே இல்லை. டர்ன் கோப்பு மின்னஞ்சலில் அனுப்பும் அளவுக்குச் சிறியது என்பதால், ஹாட்ஸ்பாட்டில் தொங்கும் இணைப்பே தாராளம்.

குறைகள் இதிலும் உள்ளன. கெடுவைத் தவறவிட்டவரின் படைகள் கட்டளையின்றி நிற்கும். போர் நடுவே அப்படி ஒரு நாள் போனால் மீள்வது கடினம். ஆட்டம் முற்றிய பின் ஒரு டர்னுக்கு ஒரு மணி நேரத்திற்கு மேலும் உழைக்க வேண்டியிருக்கும் என்பதால், பாதிக்குப் பின் கெடுவை 48 மணி நேரமாக நீட்டுவது வழக்கம். நகரம் கட்டுவதில் ஆசை உள்ளவருக்கு, மந்திரமும் தெய்வமும் படையுமாக நிரம்பிய அந்த உலகம் பிடிக்காமலும் போகலாம். ஆனால் 80 டர்னில் முடியும் ஓர் ஆட்டத்தை முதல் பாதியில் நாளொன்றாகவும் பின் பாதியில் இரு நாளுக்கொன்றாகவும் ஆடினால் 120 நாளில் முடிகிறது. ஆட்டக்காரர்கள் ஐந்திலிருந்து எட்டானாலும் அந்தக் கணக்கு மாறுவதில்லை.

ஒரே கணினியில் மாறி மாறி அமர்ந்து ஆடும் ஹாட்சீட் பற்றி நீட்டி எழுத ஒன்றுமில்லை. 1999-இல் வந்த ஹீரோஸ் ஆஃப் மைட் அண்டு மேஜிக் 3 இன்றும் இதற்குத் தோதானது. பொங்கலுக்கு எல்லோரும் ஊரில் கூடும் நான்கு நாட்களுக்கு அது போதும். ஒருவர் ஆடும்போது மற்றவர்கள் முற்றத்துக்குப் போய்விட வேண்டும் என்பதும், உளவுக்கு வரும் சிறு பிள்ளைகளைக் கரும்புத் துண்டு கொடுத்து விலைக்கு வாங்கக் கூடாது என்பதும் மட்டுமே விதிகள்.

ஆக, சனிக்கிழமை மாலை ஐவரும் உண்மையிலேயே கூட முடியும் என்றால் சிவிலைசேஷன் 6-ஐ ஆன்லைன் வேகத்தில் நேரடியாக ஆடுவதே விரைவானது, கலகலப்பானது. அந்த மாலை யாருக்காவது ஷிஃப்டில் போய்விடும் என்றால் டொமினியன்ஸ். கிளவுட் முறையில் ஐவர் கூடி முழு ஆட்டம் தொடங்குவதை மட்டும் நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன்.

எதை எடுத்தாலும் தொடங்கும் காலத்தைப் பார்க்க வேண்டும். சம்பா அறுவடை முடிந்து, நெல் கொள்முதல் நிலையத்துக்குப் போய், வயலில் உளுந்து தெளித்தாகிவிட்ட மாசி தொடக்கம் ஏற்றது. மேட்டூர் அணை வழக்கமாகத் திறக்கப்படும் ஜூன் 12 வரை 120 நாள் கையில் இருக்கும். ஐப்பசியில் தொடங்கினால் மழையும் புயலும் ஆட்டத்தில் ஆறாமவராகச் சேர்ந்துகொள்ளும். தொடங்கும் அன்றே ஒவ்வொருவரும் தமக்கு ஒரு பதிலாளைச் சொல்லிவைப்பதும், யாரேனும் முன்கூட்டிக் கேட்டால் கெடுவை எத்தனை நாள் வரை நீட்டலாம் என்று முடிவு செய்வதும் அவசியம்; தோற்கும் நிலையில் இருப்பவர் விலகும்போது அவர் நாட்டைப் பதிலாள் ஏற்பதா, ஏஐக்கு விடுவதா என்பதையும் அப்போதே பேசிவிட வேண்டும், ஏனெனில் அந்தக் கேள்வி பிறகு எழும்போது அதற்கு நடுநிலையாக விடை சொல்ல அவருடைய அண்டை நாட்டுக்காரர் ஒருவரும் தயாராக இருப்பதில்லை.