‘டிஎல்எல் இல்லை’ என்று வந்தால் உடனே ஃபார்மட்டுக்குத் தலையாட்டாதீர்கள்

வேலூர், காட்பாடி, ஆற்காடு, ராணிப்பேட்டை பக்கம் கடை வைத்து ஒரு கம்ப்யூட்டரை நம்பிப் பிழைக்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். இலவசமாகச் சரியாக வேண்டிய வேலைக்கு ஒரு சர்வீஸ் கடையில் என் மாமாவிடம் 2,699 ரூபாய் வாங்கிவிட்டு, அதன் பிறகும் ஃபார்மட் அடித்து எஸ்எஸ்டி (டேட்டா சேமிக்கும் டிஸ்க்) மாற்ற வேண்டும், 6,500 ஆகும் என்று கேட்டார்கள்.

மாமாவுக்கு ஆற்காட்டில் எடை மேடை இருக்கிறது. திமிரி, கலவை பக்கத்து நெல் வண்டிகள் அங்கேதான் எடை போடும். சிஸ்டம் மெதுவாக இருக்கிறது என்று வேலூரில் ஒரு சர்வீஸ் கடையில் கொடுத்து வாங்கி வந்தார். வந்ததும் எடை சாஃப்ட்வேர் திறக்கவில்லை. எம்எஃப்சி140.டிஎல்எல் இல்லை, விசிரன்டைம்140.டிஎல்எல் இல்லை என்று அடுத்தடுத்து பெட்டி வந்தது. டிஎல்எல் என்றால் புரோகிராம் ஓடத் தேவைப்படும் துணை ஃபைல். அறுவடை நேரம். வண்டிகள் வரிசையில் நிற்க, பக்கத்து மேடைக்கு அனுப்ப வேண்டியதாகிவிட்டது.

திரும்ப அதே கடைக்குப் போனார். ‘டிஎல்எல் ஃபிக்சர்’ என்று ஏதோ ஒன்றுக்கு ஒரு வருட சந்தா 1,499, சர்வீஸ் 1,200. பென்டிரைவிலிருந்து இரண்டு டிஎல்எல் ஃபைலை விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டார்கள். அதே எர்ரர். சாஃப்ட்வேர் இருக்கும் ஃபோல்டரிலேயே போட்டார்கள். இப்போது 0எக்ஸ்சி000007பி என்று வேறு எர்ரர்.

“அண்ணே, விண்டோஸே கரப்ட் ஆயிடுச்சு. ஃபார்மட் அடிச்சாத்தான் சரியாவும்.”

“பழைய எடை சீட்டெல்லாம் இன்னாப்பா ஆவும்?”

“அதெல்லாம் போயிடும்ணே. பேக்கப் வேணும்னா தனி சார்ஜ்.”

நல்லவேளை, மாமா சரி என்று சொல்லாமல் மெஷினைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தார்.

விஷயம் இதுதான். விண்டோஸில் ஒரு புரோகிராம் காட்டும் பட்டன், மெனு, பெட்டி, ஜன்னல் எல்லாவற்றையும் ஒவ்வொரு கம்பெனியும் புதிதாக எழுதுவதில்லை. மைக்ரோசாஃப்ட் 1992-இல் கொண்டுவந்த எம்எஃப்சி என்ற நூலகத்தை நிறைய பேர் பயன்படுத்துகிறார்கள். எடை மேடை, லேப், பழைய பில்லிங் சாஃப்ட்வேர் பலவும் இந்த வகை. பல புரோகிராம்கள் பொதுவாகப் பயன்படுத்தும்படி அது டிஎல்எல் ஃபைலாக ஒரே இடத்தில் இருக்கும். ஊருக்குப் பொதுவான கிணறு மாதிரி. அதை மூடினால் அதை நம்பிய எல்லா வீட்டுக்கும் தண்ணீர் நின்றுவிடும்.

எம்எஃப்சி140, விசிரன்டைம்140 இரண்டையும் தருவது ‘விஷுவல் சி++ 2015-2022 ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’ என்ற பேக்கேஜ். மைக்ரோசாஃப்ட் தளத்தில் இலவசம். கன்ட்ரோல் பேனல் பட்டியலில் இது எக்ஸ்86 (32 பிட் புரோகிராமுக்கு), எக்ஸ்64 (64 பிட்டுக்கு) என்று இரண்டாக நிற்கும். 2010, 2013 பதிப்புகளும் தனித்தனியாக இருக்கும். பார்க்க ஒரே பெயர் திரும்பத் திரும்ப வந்தது போல இருந்தாலும் எதுவும் வேண்டாதது இல்லை. 2010-க்கு எம்எஃப்சி100, 2013-க்கு எம்எஃப்சி120. ஒன்றுக்குப் பதில் இன்னொன்று வேலை செய்யாது.

மெஷினில் நடந்ததை விண்டோஸ் குறித்துவைக்கும் ஈவென்ட் வியூவரில் அப்ளிகேஷன் பதிவைத் திறந்து, புரோகிராம்களைப் போட்டதையும் நீக்கியதையும் காட்டும் ‘எம்எஸ்ஐ இன்ஸ்டாலர்’ வரிகளைப் பார்த்தேன். முதல் முறை மெஷின் கடையில் இருந்த அன்று மதியம் இந்தப் பேக்கேஜ்களை வரிசையாக நீக்கியிருக்கிறார்கள். ‘ஸ்பீடு’ ஆக்குகிறோம் என்று அவர்களே எடுத்துவிட்டு, அது இல்லை என்றதும் அதற்கும் காசு வாங்கியிருக்கிறார்கள். இதுதான் எனக்கு ஆறவே இல்லை.

அடுத்த தப்பு. மாமாவின் சாஃப்ட்வேர் 32 பிட். அவர்கள் போட்டது 64 பிட் டிஎல்எல். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பது 64 பிட் ஃபைல்கள். 32 பிட்டுக்கு உரியது சிஸ்வாவ்64. பெயர் தலைகீழாக இருந்தாலும் சர்வீஸ் தொழிலில் இருக்கிறவருக்கு இது தெரிந்திருக்க வேண்டாமா? இரண்டு வகையும் கலந்தால் வருவதுதான் அந்த 0எக்ஸ்சி000007பி. விண்டோஸ் கரப்ட் ஆகவே இல்லை.

அதைவிட மோசம், அந்த ஃபைல்களின் பிராப்பர்ட்டீஸில் ‘டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்’ பக்கமே இல்லை. மைக்ரோசாஃப்டின் அசல் ஃபைலில் அது இருக்கும். எங்கிருந்து இறக்கினார்களோ. போதாததற்கு, ஆன்டிவைரஸ் கத்தக் கூடாது என்று சி டிரைவ் முழுவதையும், ஸ்கேன் செய்யாமல் விடும் விலக்குப் பட்டியலில் சேர்த்திருந்தார்கள். பேங்க் வேலையும் அதே மெஷினில்தான் நடக்கிறது.

சரி செய்த விதம்: சாஃப்ட்வேர் ஃபோல்டரில் போட்ட இரண்டு ஃபைலையும் முதலில் நீக்கினேன். விண்டோஸ் அங்கேதான் முதலில் தேடும். விட்டுவைத்தால் அசலைப் போட்டாலும் எர்ரர் போகாது. சிஸ்டம்32-இல் போட்டதையும் எடுத்தேன். ஃபிக்சரை நீக்கி, விலக்கை எடுத்து, முழு ஸ்கேன் ஓடவிட்டேன். அப்புறம் எக்ஸ்86, எக்ஸ்64 பேக்கேஜ் இரண்டையும் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து இறக்கிப் போட்டேன். எடை சாஃப்ட்வேர் திறந்தது, பழைய சீட்டு ஒன்றுகூடப் போகவில்லை. பேங்க் பாஸ்வேர்டை மட்டும் வேறு போனிலிருந்து மாற்றச் சொன்னேன்.

கடையில் போய்க் கேட்டதற்கு சர்வீஸ் காசு 1,200-ஐத் தந்தார்கள். சந்தா காசு வராது என்கிறார்கள், பில்லும் தரவில்லை. ஜிபே ரசீதையும் ஈவென்ட் வியூவர் படத்தையும் வைத்து 1915 நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதிந்திருக்கிறோம்.

இந்தப் பக்கம் சமீபத்தில் ‘ஸ்பீடு சர்வீஸ்’ கொடுத்து வாங்கியவர்கள் விண்டோஸ் செக்யூரிட்டியில் ‘எக்ஸ்க்ளூஷன்ஸ்’ என்ற அந்த விலக்குப் பட்டியலை இன்றே திறந்து பாருங்கள். நீங்கள் சேர்க்காத டிரைவோ ஃபோல்டரோ அங்கே இருந்தால் எடுத்துவிட்டு, ஸ்கேன் முடியும்வரை அந்த மெஷினில் பேங்க் பக்கம் திறக்க வேண்டாம்.