பழத்தோல் கிண்ணத்தில் இறால்: ஒரு வளைந்த கத்தியும் அதனுடன் வந்த செய்முறைத் தாளும்

கிரேப்ஃப்ரூட் அல்லது ஆரஞ்சைக் குறுக்கே பாதியாக வெட்டி, சுளைகளை எடுத்துவிட்டு, எஞ்சிய தோலையே கிண்ணமாக்கி அதில் இறாலைச் சூடாகப் பரிமாறும் முன்னுணவைச் செய்வதற்காகவே, அலகு வளைந்து இருபுறமும் பல் வைத்த சிறு கத்தி ஒன்றை வாங்கினேன். கத்தியைப் பற்றி எனக்குப் பெரிய குறை இல்லை. அதனுடன் வந்த செய்முறைத் தாளைப் பற்றித்தான் நிறையச் சொல்ல வேண்டியிருக்கிறது.

நேரான அலகு உருண்டையான தோலுக்குள் திரும்ப இடமில்லாமல் எங்கேனும் ஓரிடத்தில் குத்திவிடும். ஓட்டை எவ்வளவு சிறியதானாலும் சாறு முழுவதும் தட்டில் வடிந்துவிடும். இந்தக் கத்தியின் வளைவோ தோலின் உட்புறத்தை ஒட்டியே செல்வதால், ஒரே சுற்றில் சுளைகள் விடுபடுகின்றன. நடுத்தண்டின் அடியை மட்டும் தனியே அறுத்துவிட்டால் போதும். இருபுறமும் பல் இருப்பதால் இடக்கைப் பழக்கமுள்ளவர்களுக்கும் சிரமம் இல்லை. எலுமிச்சைக்கு இது பெரிது, அங்கே தேக்கரண்டியே மேல்.

இனி அந்தத் தாள். பச்சை இறாலைக் கிரீமுடனும் பழச்சாறுடனும் கலந்து, தோலில் நிரப்பி, 200 டிகிரி செல்சியஸ் ஓவனில் 25 நிமிடம் வைக்கும்படி அது சொல்கிறது. சொன்னபடியே ஒருமுறை செய்தேன். மேலே இருந்த இறால் ரப்பராகியிருந்தது, கிரீம் திரிந்திருந்தது, எல்லாவற்றிலும் ஒரு கசப்பு ஏறியிருந்தது.

பழத்தோலின் உட்புறத்து வெண்பகுதி காற்றறைகள் நிறைந்த பஞ்சு போன்றது. பக்கங்களிலிருந்தும் அடியிலிருந்தும் வரும் வெப்பத்தை அது தாமதப்படுத்துவதால், அடியில் உள்ள இறால் வேகும் வரை காத்திருந்தால் மேலே உள்ளது வெந்து கெட்டுவிடும். இறாலின் உட்பகுதி 63 டிகிரியை எட்டினாலே போதுமானது. ஆகவே அதை வாணலியில் வெண்ணெயுடன் தனியே வேகவைத்துவிட்டு, ஓவனைச் சூடேற்றுவதற்கு மட்டும் பயன்படுத்துவதே சரி. நான் இப்போது 180 டிகிரியில் ஏழு நிமிடத்துக்கு மேல் வைப்பதில்லை. வெப்பத்தைத் தாமதப்படுத்திய அதே பஞ்சு, மேசைக்கு வந்தபின் சூட்டை நன்றாகவே காத்துத் தருகிறது.

கிரீம் திரிந்ததற்குச் சாற்றின் அமிலமே காரணம். கலவையின் பிஹெச் 4.6ஐ நெருங்கும்போது பால் புரதம் திரண்டுவிடும், கொழுப்புக் குறைந்த கிரீமில் அது உடனே கண்ணுக்குத் தெரியும். சாற்றை விட்டுவிட்டு, தோலின் மேற்புற நிறப்பகுதியைத் துருவிச் சேர்த்தால் மணம் கிடைக்கும், புளிப்பு வராது. மெழுகு பூசிய பழமாக இருக்கக்கூடும் என்பதால், துருவும் முன் வெந்நீரில் தேய்த்துக் கழுவிக்கொள்ள வேண்டும்.

கசப்புதான் எனக்கு அதிக நேரம் பிடித்தது. கிரேப்ஃப்ரூட்டின் வெண்பகுதியில் உள்ள நாரிஞ்சின் என்ற பொருள் சூட்டில் கரைந்து சாற்றுடன் கலக்கிறது. கத்தி கூர்மையாக இருக்கிறதே என்று வெண்பகுதியை முழுவதும் சுரண்டினால் கிண்ணம் ஓவனில் சரிந்துவிடும் (சுரண்டிப் பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன்). வெற்றுத் தோலைக் கொதிநீரில் ஒரு நிமிடம் அமிழ்த்தி, கவிழ்த்து வைத்து நீரை வடியவிட்டபின் நிரப்பினால், கசப்பு பெருமளவு குறைந்துவிடுகிறது. இதைப் பற்றித் தாளில் ஒரு வரிகூட இல்லை.

தாள் சொல்லாத இன்னொன்றும் உண்டு. கொழுப்பைக் குறைக்கும் சிம்வாஸ்டாட்டின் போன்ற சில மருந்துகளை உட்கொள்பவர்களுக்குக் கிரேப்ஃப்ரூட் ஆகாது. அது குடலில் மருந்தைச் சிதைக்கும் நொதியைத் தடுப்பதால், இரத்தத்தில் மருந்தின் அளவு கூடிவிடும். விருந்தினரை முன்கூட்டியே கேட்டுக்கொண்டு, தேவையானால் இனிப்பு ஆரஞ்சுக்கு மாறிவிடுகிறேன்.

கத்தியின் பற்களில் நார் சிக்கிக்கொள்வதால் உடனே தூரிகையால் கழுவ வேண்டியிருக்கிறது. இவ்வளவு கூரான பொருளுக்கு உறை எதுவும் தரப்படவில்லை. செய்முறைத் தாளை நான்காக மடித்து, அலகின் மேல் சுற்றி வைத்திருக்கிறேன்.